தூக்கினது உண்மை

எனக்கு ஒட்டுக்கேட்கும் பழக்கம் கிடையாது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு ஆளாளுக்கு ஒன்று பேசக் கூடாது. எங்கள் ராணுவக் குடியிருப்பைக் கட்டியவன் சிமெண்டில் கைவைத்துவிட்டான். எனக்கும் பக்கத்து வீட்டு மேஜருக்கும் நடுவே இருப்பது பேருக்குத்தான் சுவர். அவர் தும்மினால் என் வீட்டுத் தம்ளர் அதிரும்.

முப்பத்தொரு வருடம் ராணுவ ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்து ஓய்வு பெற்றவள் நான். ஊருக்கே சிஸ்டர். மேஜர் எங்கள் நிலையத்தின் சட்டப் பிரிவு அதிகாரி. குற்றம் சாட்டப்பட்டவர்களிடம் வாக்குமூலம் எழுதுவது, கோர்ட்டுக்குக் கோப்பு கட்டுவது, தண்டனை ஆனவர்கள் வீட்டிலிருந்து வரும் மனுக்களுக்குப் பதில் போடுவது எல்லாம் அவர் மேஜையில்தான் நடக்கும். மனைவி பல் டாக்டர். கடைத்தெருவில் சின்னதாக ஒரு கிளினிக் வைத்திருந்தாள். தங்கமான பெண், வாய்தான் கொஞ்சம் நீளம். எனக்கு அவளிடம் பிடித்ததே அதுதான்.

மேஜரிடம் ஒரு கோளாறு உண்டு. எழுத்தில் ஒரு பேச்சுச் சொல் வந்துவிட்டால் சட்டைக்குள் எறும்பு புகுந்ததுபோல் நெளிவார். பால்காரருக்கு எழுதி வைக்கிற சீட்டில்கூட, "நாளைய தினம் பால் தேவைப்படாது, அருள்கூர்ந்து தவிர்க்கவும்" என்று இருக்கும். பால்காரர் சீட்டை எடுத்துக்கொண்டு நேராக என்னிடம் வருவார். "சிஸ்டர், பால் வேணும்கிறாரா வேணாம்கிறாரா?"

சிரித்துக்கொண்டிருந்தோம். அந்தக் கோளாறு ஒருவனை ஆறு வருடம் உள்ளே தள்ளியிருக்கிறது என்று அப்போது யாருக்குத் தெரியும்?

அவனை எல்லோரும் ஸ்பானர் என்றுதான் கூப்பிடுவார்கள். ராணுவ வண்டிப் பட்டறையில் மெக்கானிக். அவன் மனைவி ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் இஸ்திரி போடுகிறவள், ஒரு நாளைக்கு இருநூறு படுக்கை விரிப்பு, நாற்பது டாக்டர் கோட்டு. அந்த நீராவியில் நின்று நின்று அவள் முகம் எப்போதும் இப்போதுதான் கழுவியதுபோல் இருக்கும். ஆறு வருடத்துக்கு முன் பட்டறையிலிருந்து ஏழாம் நம்பர் லாரி காணாமல் போனது. அன்றைக்கு மத்தியானம் ஸ்பானர் டியூட்டி சார்ஜெண்டுக்குப் போன் போட்டு, "ஏழாம் நம்பரைத் தூக்கிட்டேன், சாயங்காலம் வரைக்கும் யாரும் கேக்காதீங்க" என்று சொல்லியிருக்கிறான். விசாரணையிலும் ஆமாம் என்றான். வாக்குமூலத்தில் கையெழுத்தும் போட்டான். பன்னிரண்டு வருடம் ராணுவச் சிறை என்று தீர்ப்பாகிவிட்டது.

இஸ்திரிக்காரி வருடம் தவறாமல் மனுப் போட்டாள். மனு என்றால் ஒரு அச்சடித்த தாள். அதில் 'காரணம் (ஒரு வரியில்)' என்று ஒரு கட்டம். அந்தக் கட்டத்தில் ஆறு வருடமும் அவள் எழுதியது ஒன்றேதான்: "அவர் தூக்கினது உண்மை, திருடினது பொய்." சட்டப் பிரிவில் இதைப் படித்துச் சிரிக்காத எழுத்தர் கிடையாது. தூக்கினானாம், ஆனால் திருடவில்லையாம்! ஒருமுறை மனுவை மேஜர் கையிலேயே கொடுக்கச் சொல்லி என்னிடம் கொண்டுவந்தாள். நான் படித்துவிட்டு, "இதையே கொஞ்சம் ஒழுங்கா எழுதக் கூடாதா?" என்று கேட்டேன்.

"வேற எப்படி எழுதுறது சிஸ்டரம்மா? நடந்தது அதுதானே," என்றாள்.

நான் வாங்கவில்லை. பக்கத்து வீட்டுக்கு ஆபீஸ் வேலையைக் கொண்டுபோவது மரியாதையில்லை என்று பெரிய நியாயம் பேசி அனுப்பிவிட்டேன். இப்போது நினைத்தாலும் எனக்கு வெட்கமாக இருக்கிறது.

அந்த சனிக்கிழமை காலை விடாமல் தூறிக்கொண்டிருந்தது. இரவல் வாங்கிய வாணலியைத் திருப்பிக் கொடுக்க மேஜர் வீட்டுக்குப் போனேன். டாக்டர் அடுப்பில் முட்டை ஊற்றிக்கொண்டிருந்தாள். மேஜர் கையில் டீயோடு நின்றிருந்தார். அவருடைய காரைப் பழுதுபார்க்க மைத்துனனின் ஷெட்டில் விட்டிருந்தார்கள். டாக்டருடைய தம்பிக்குத் தெரு முனையில் கார் பழுதுபார்க்கும் ஷெட். போன் மணியடித்தது. டாக்டர் கை முட்டையும் எண்ணெயுமாக இருந்ததால் ஸ்பீக்கரில் போட்டாள்.

"மாமா, உங்க வண்டியைத் தூக்கிட்டேன். சாயங்காலம் வரைக்கும் கேக்காதீங்க," என்றான் தம்பி.

மேஜர் அப்படியே நின்றார். "என்ன பண்ணிட்டே?"

"தூக்கிட்டேன் மாமா."

"தூக்கி... எங்கே கொண்டுபோனே?"

"எங்கே கொண்டுபோறது? இங்கேதான், ஷெட்டுல."

"தூக்கிட்டேன்னா திருடிட்டேன்னுதானே அர்த்தம்?"

அந்தப் பக்கம் ஒரே சிரிப்பு. "உங்க வண்டியை எவன் மாமா திருடுவான்? திருடினவனே தள்ளிக்கிட்டு வந்து திருப்பிக் குடுத்துடுவான். ஜாக்கி வெச்சுத் தூக்கி, நாலு பக்கமும் ஸ்டாண்டு குடுத்து நிக்க வெச்சிருக்கேன். அடியில படுத்து வேலை பாக்க வேணாமா? பட்டறைக்காரன் எவனைக் கேட்டாலும் இப்படித்தான் சொல்லுவான். தூக்கிட்டேன்னா இன்னிக்கு வண்டி நகராதுன்னு அர்த்தம்."

மேஜர் டீயை மேஜையில் வைக்கப் போய் மேஜைக்கு வெளியே வைத்தார். கிளாஸ் உடைந்தது. அதைப் பார்க்காமலே நாற்காலியில் உட்கார்ந்தார். முகம் வெளுத்துப்போயிருந்தது. பழக்கதோஷம், நான் உடனே நாடியைப் பிடித்துப் பார்த்தேன். குதிரைபோல் ஓடியது.

"சிஸ்டர், அதை எழுதினது நான்," என்றார்.

"எதை?"

"ஸ்பானரோட வாக்குமூலத்தை. அப்ப நான் கேப்டன். அவன், 'நான்தான் சார் தூக்கினேன்'னு சொன்னான். கோர்ட்டுக்குப் போற தாள்ல கொச்சையா இருக்கக் கூடாதுன்னு, 'அவ்வாகனத்தை நானே அப்புறப்படுத்தினேன்'னு எழுதினேன். படிச்சுக் காட்டினேன். 'இது நான் சொன்னதுதானே சார்?'னு கேட்டான். 'நீ சொன்னதையேதான்யா நல்ல தமிழ்ல எழுதியிருக்கேன்'னு சொன்னேன். நம்பிக் கையெழுத்துப் போட்டான். கோர்ட்டுல ஜட்ஜ் கேட்டப்பவும், நான் சொன்னதுதான் எழுதியிருக்குன்னான். தீர்ப்பைக் கேட்டப்புறம்தான் கத்தினான். அப்ப யாரு காதுல வாங்கினாங்க?"

எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. "பால்காரருக்கே புரியாத தமிழ் பட்டறைக்காரனுக்கு எப்படித் தம்பி புரியும்?" என்று கேட்டுவிட்டேன். அடுப்பில் முட்டை கருகியது, அன்றைக்கு யாரும் சாப்பிடவில்லை.

ஆனால் மேஜர் உட்கார்ந்து அழுகிற ஜாதி இல்லை. திங்கட்கிழமை காலையிலேயே பட்டறை ஸ்டோருக்குப் போனார். ஸ்டோர்காரருக்குப் பூட்டு என்று பட்டப்பெயர். கழிவறைக்குப் போனால்கூட ஸ்டோரைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டுதான் போவார். அங்கே நடந்ததைப் பிறகு என்னிடம் ரத்த அழுத்தம் பார்க்க வந்தபோது அவரே சொன்னார்.

"ஏழாம் நம்பர் லாரியைப் பத்தி ஏதாவது தாள் இருக்கா?" என்று மேஜர் கேட்டிருக்கிறார்.

"தாள் எதுவும் இல்ல சார். கியர்பாக்ஸ்தான் இருக்கு."

"என்னது?"

"கியர்பாக்ஸ் சார். கடைசி அடுக்குக்குக் கீழ. ஆறு வருஷமா கிடக்கு, யாரும் வந்து கேக்கல."

அழுக்குத் துணியை விலக்கினால், ஆட்டுக்குட்டி அளவுக்கு ஒரு இரும்புக் கட்டி. அதில் கம்பியால் கட்டிய அட்டை. காணாமல் போன அன்றைய தேதி. நேரம் காலை பதினொன்று பத்து. 'ஏழாம் நம்பர். வண்டி ஸ்டாண்டில். கியர்பாக்ஸ் இறக்கி ஸ்டோரில் வைத்தது.' ஸ்பானரின் கையெழுத்து, அதற்குக் கீழே பூட்டின் கையெழுத்து.

"கியர்பாக்ஸ் இல்லாம வண்டியை ஓட்டிட்டுப் போக முடியுமா?"

"விளையாடுறீங்களா சார்? என்ஜின் கத்தும், சக்கரம் சுத்தாது."

"அப்ப இதை ஏன்யா கோர்ட்டுல சொல்லல?" மேஜர் குரல் ஸ்டோரே அதிரும்படி வந்ததாம்.

"என்னைக் கூப்பிட்டுக் கேட்டாங்க சார். ஏழாம் நம்பர் வண்டி உன் ஸ்டோர்ல இருக்கான்னு கேட்டாங்க. இல்லைன்னேன். லாரி எப்படி சார் ஸ்டோருக்குள்ள இருக்கும்? கியர்பாக்ஸ் இருக்கான்னு யாருமே கேக்கல," என்றார் பூட்டு. என்னிடம் சொல்லும்போது அவருக்குக் கண் கலங்கியது. அழுத்தம் நூற்று எழுபது.

மேஜர் அன்றைக்கே மறுவிசாரணை கேட்டு ஒரு குறிப்பு எழுதி மேலே அனுப்பினார். மேலே என்றால் பிரிகேடியர். ஆறு வருடத்துக்கு முன் பட்டறைக்குத் தலைவராக இருந்த அதே கர்னல்தான் இப்போது நிலையம் முழுவதற்கும் பிரிகேடியர். வாரம் முழுக்கப் பதில் இல்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை காலை அவரே ஒரு பெட்டி ஆப்பிளோடு மேஜர் வீட்டு வாசலில் வந்து இறங்கினார். நான் என் வீட்டில் சுவரோரமாக உட்கார்ந்து பட்டாணி உரித்துக்கொண்டிருந்தேன். பட்டாணி உரிப்பது சத்தமில்லாத வேலை.

"உன் குறிப்பைப் படிச்சேன் மேஜர். பிரமாதமா எழுதியிருக்கே. கிழிச்சுப் போட்டுட்டேன்," என்றார் பிரிகேடியர்.

"சார், அந்த வண்டி கியர்பாக்ஸ் இல்லாம ஸ்டாண்டுல நின்னுது. அவன் எப்படி..."

"எனக்குத் தெரியாதாப்பா? அன்னிக்குக் கழிச்சுப்போட்ட பழைய வண்டி பதினொண்ணை இரும்புக் கம்பெனிக்கு ஏத்தி அனுப்பினோம். ஸ்பானர் சாப்பிடப் போன நேரம். கிரேன்காரன் இது ஸ்டாண்டுல நிக்கறதைப் பாத்து, இதுவும் குப்பைன்னு சேர்த்து ஏத்திட்டான். நான் எண்ணிப் பாக்காம கையெழுத்துப் போட்டுட்டேன். ரெண்டு மாசம் கழிச்சு அந்தக் கம்பெனிக்காரன், ஒரு வண்டி கூடுதலா வந்திருக்குன்னு கடிதம் எழுதினப்பதான் எனக்கே தெரியும். அதுக்குள்ள இவன் உள்ள போயிட்டான்."

"அந்தக் கடிதம் எங்க சார்?"

"எந்தக் கடிதம்?"

என் கையிலிருந்த பட்டாணி தரையில் கொட்டியது. நல்ல வேளை, பட்டாணி.

பிரிகேடியர் குரலைத் தேனாக்கிக்கொண்டார். "பாதி தண்டனை முடிஞ்சாச்சு. ஒழுங்கா நடந்துக்கிட்டான்னா இன்னும் மூணு வருஷத்துல வெளிய வந்துடுவான். எனக்கு அடுத்த மாசம் ஜெனரல் பதவி. உன் பதவி உயர்வுப் பட்டியல் என் மேஜையிலதான் இருக்கு. உன் பேரு முதல்ல. ஏன் கெடுத்துக்கறே?"

ஆப்பிள் பெட்டியை நகர்த்தி வைக்கிற சத்தம் கேட்டது.

"இன்னொண்ணு யோசி. வாக்குமூலத்துல எழுதினவன்னு இருக்கிறது யாரு கையெழுத்து? என்னோடதா? இது வெளிய வந்தா முதல்ல மாட்டுறது நீதான். வர்ற வியாழக்கிழமை ஸ்டோரைச் சுத்தம் பண்ணச் சொல்லியிருக்கேன். பழைய இரும்பெல்லாம் போயிடும். ஆப்பிள் சாப்பிடு, நல்லா இருக்கும்."

கார் கிளம்பிப் போனது. பிறகு டாக்டரின் குரல்.

"எனக்குப் பயமா இருக்குங்க."

"எனக்கும்தான்."

"இந்த வீட்டை விட்டுப் போகச் சொல்லுவாங்க. உங்களை எங்கேயாவது மூலைக்கு மாத்துவாங்க. நான் கிளினிக்கை மூடிட்டு மூட்டை கட்டணும்."

"ஆமா."

"அதனால விட்டுடலாமா?" என்று கேட்டவள், அவர் பதில் சொல்வதற்குள் தானே வெடித்தாள். "விட்டுட்டு என்ன பண்ணுவீங்க? கமா ஒண்ணு இடம் மாறி விழுந்தா ராத்திரி தூக்கம் வராத மனுஷன் நீங்க. ஒரு ஆளை முழுசா முழுங்கிட்டு என் எதிர்ல உக்காந்து சோறு சாப்பிடுவீங்களா? எனக்கு அந்த ஆள் வேண்டாம். மூட்டை கட்டறது எனக்குப் பெரிய வேலையில்ல."

எனக்குச் சுவரைத் தாண்டிப் போய் அவளைக் கட்டிக்கொள்ள வேண்டும்போல் இருந்தது.

"ஆனா எந்தத் தாளும் அவர் வழியாத்தானே மேல போகணும்? கிழிச்சுடறாரே," என்றார் மேஜர்.

"முதல்ல மாட்டுறது நீங்கதான்னு சொன்னாரில்ல? மாட்டிக்கோங்க."

இரண்டு நிமிஷம் கழித்து மேஜர் சிரிக்கும் சத்தம் கேட்டது. அவர் அப்படிச் சிரித்து நான் கேட்டதேயில்லை. பிறகு சுவரைத் தட்டி, "சிஸ்டர், கேட்டுக்கிட்டுத்தானே இருக்கீங்க? இங்க வாங்க!" என்றார்.

போனேன். சட்டப் புத்தகம் மேஜைமேல் விரிந்து கிடந்தது. விஷயம் இதுதான். மற்ற எல்லாத் தாளும் பிரிகேடியர் கையெழுத்தோடுதான் மேல் ராணுவக் கோர்ட்டுக்குப் போகும். ஆனால் ஒரு அதிகாரி தான் செய்த தப்பைத் தானே ஒப்புக்கொண்டு எழுதினால், அது யார் கையும் படாமல் நேராகக் கோர்ட்டுக்குப் போகலாம். மேலதிகாரி தடுக்க முடியாது. பிரிகேடியர் பயமுறுத்த எடுத்த கத்தியின் பிடியை மேஜர் கையில் அவரே கொடுத்துவிட்டுப் போயிருந்தார்!

மேஜர் எழுதினார். நானும் டாக்டரும் எதிரில் உட்கார்ந்தோம். "எமது கவனக்குறைவினால் விளைந்த..." என்று ஆரம்பித்தார்.

"வேணாம் தம்பி," என்றேன்.

அடித்துவிட்டு எழுதினார்: "நான் தப்பு செய்துவிட்டேன். அவன் சொன்ன சொல்லை நான் மாற்றினேன்." அதற்குப் பிறகு கை தடுமாறவில்லை. லாரியைத் தூக்குவது என்றால் என்ன, கியர்பாக்ஸ் எங்கே இருக்கிறது, பிரிகேடியர் என்ன சொன்னார் எல்லாம் ஒன்றரைப் பக்கத்தில் முடிந்தது. பின்னால் இஸ்திரிக்காரியின் ஆறு மனுவையும் சேர்த்துத் தைத்தார்.

திங்கட்கிழமை தபாலில் அனுப்பிவிட்டு எனக்குச் சொன்னார். நான் நேராகச் சலவைக்கூடத்துக்குப் போனேன். இஸ்திரிக்காரி விரிப்புகளை மடித்து அடுக்கிக்கொண்டிருந்தாள்.

"அடியே, உன் மனுவைப் படிச்சுட்டாங்க," என்றேன்.

"வருஷா வருஷம் படிக்கிறாங்களே சிஸ்டரம்மா."

"இப்பதான் புரிஞ்சிருக்கு. எனக்கும் சேர்த்துத்தான். என்னை மன்னிச்சுடு."

அவள் இஸ்திரிப்பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். மடித்த விரிப்பில் முகத்தைப் புதைத்துக்கொண்டு குலுங்கினாள். பிறகு அந்த விரிப்பு நனைந்துவிட்டது என்று அதை மறுபடியும் இஸ்திரி போட்டாள்.

வியாழக்கிழமை காலை எட்டு மணிக்குப் பழைய இரும்பு ஏற்றும் வண்டி ஸ்டோர் வாசலுக்கு வந்தது. மேல் கோர்ட்டிலிருந்து பதில் வரவில்லை. மேஜர் முழுச் சீருடையில் தொப்பியோடு ஸ்டோருக்குள் போனார். பூட்டு கடைசி அடுக்குக்குக் கீழிருந்து கியர்பாக்ஸை நடுத் தரைக்கு இழுத்துப் போட்டார். மேஜர் அதன்மேல் ஒரு செய்தித்தாளை விரித்து உட்கார்ந்துகொண்டார்.

நான் எப்படி அங்கே போனேன் என்று கேட்காதீர்கள். பூட்டுக்கு ரத்த அழுத்தம் பார்க்கப் போனேன் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

சுத்தம் செய்ய வந்த இளம் லெப்டினண்ட் திகைத்துப்போனார். "சார், இதையும் ஏத்தணும் சார். எந்திரிங்க."

"ஏத்தச் சொல்லி உத்தரவு எழுத்துல இருக்கா?"

"பிரிகேடியர் வாயால சொன்னார் சார்."

"அப்ப எழுதி வாங்கிட்டு வாங்க. 'கியர்பாக்ஸின் மீது அமர்ந்திருக்கும் மேஜரை அப்புறப்படுத்துக'ன்னு எழுதிக் கையெழுத்துப் போடச் சொல்லுங்க. நானே எந்திரிச்சு வழி விடறேன்."

லெப்டினண்ட் போனார், வந்தார், மறுபடி போனார். அந்த வாக்கியத்தை எழுதிக் கையெழுத்துப் போட அந்த நிலையத்தில் ஒரு ஆள் கிடைக்கவில்லை. பத்து மணிக்கு மழை பிடித்துக்கொண்டது. தகரக் கூரையில் பேசுவது கேட்காத அளவுக்குக் கொட்டியது. பட்டறையிலிருந்து மெக்கானிக்குகள் ஒருவராக, இருவராக, கையைத் துணியில் துடைத்துக்கொண்டே வந்து வாசலில் நின்றார்கள். பூட்டு அந்த அட்டையைக் காட்டினார். வயதான மெக்கானிக் ஒருவர் அதைப் படித்துவிட்டு, "அட பாவிங்களா! வண்டி ஸ்டாண்டுலயா நின்னுது?" என்று தலையில் அடித்துக்கொண்டார். அதற்குப் பிறகு அவர்களும் போகவில்லை. இரும்பு வண்டிக்கும் ஸ்டோருக்கும் நடுவே முப்பது பேர் மழையில் நின்றார்கள்.

ஒரு மணிக்கு டாக்டர் கிளினிக்கைப் பூட்டிவிட்டு, வெள்ளைக் கோட்டோடு, சாப்பாட்டு டப்பாவோடு வந்தாள். "இடுப்பு வலிக்குதா?"

"உயிர் போகுது. பல் சக்கரம் ஒண்ணு சரியா..."

"எந்திரிக்காதீங்க. ஊட்டி விடட்டுமா?"

முப்பது பேரும் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு சிரித்தார்கள். மேஜர் சிவந்துபோய், டப்பாவை வாங்கித் தானே சாப்பிட்டார். சோறும் முட்டையும்தான். நான் பார்த்ததிலேயே அவர் மிச்சம் வைக்காமல் சாப்பிட்ட ஒரே சாப்பாடு அது.

மூன்று மணிக்குச் சேற்றை வாரி அடித்துக்கொண்டு ஒரு மோட்டார் சைக்கிள் வந்தது. மேல் கோர்ட்டின் ஆள். தொப்பியிலிருந்து தண்ணீர் சொட்ட உறையைப் பிரித்துச் சத்தமாகப் படித்தான்: மேற்படி கியர்பாக்ஸ் இந்த நிமிஷத்திலிருந்து கோர்ட்டின் பாதுகாப்பில் இருக்கிறது, யாரும் தொடக் கூடாது. அரக்கைக் காய்ச்சி அட்டைமேல் முத்திரை வைத்தான். மேஜர் எழுந்தார், எழுந்தார் என்பதைவிட நாலு பேர் பிடித்து நிமிர்த்தினார்கள் என்பதே சரி. மெக்கானிக்குகள் போட்ட விசிலில் மழைச் சத்தம் காணாமல் போனது. இரும்பு வண்டி காலியாகத் திரும்பியது.

விசாரணை மூன்று வாரம் கழித்து நடந்தது. ஜட்ஜ் ஒரு பெண். குரல் சின்னது, ஆனால் ஒருவரும் இரும முடியாது. மேஜர் எல்லோர் முன்னாலும், "தப்பு என்னோடது" என்று நிமிர்ந்து நின்று சொன்னார். பிரிகேடியர் பக்கத்து வக்கீல், அப்படி ஒரு பேச்சே மேஜர் வீட்டில் நடக்கவில்லை என்றார். என்னைக் கூப்பிட்டார்கள். பதினொரு வண்டி, கிரேன்காரன், கடிதம் எல்லாவற்றையும் ஒன்று விடாமல் சொன்னேன்.

"அடுத்த வீட்டுப் பேச்சை ஒட்டுக்கேட்டீங்களா அம்மா?" என்று வக்கீல் இளக்காரமாகக் கேட்டார்.

"இல்லீங்க ஐயா. சுவர் மெலிசு. கட்டினது ராணுவம்தான்," என்றேன்.

ஜட்ஜே வாயை மூடிக்கொண்டு சிரித்தார். இரும்புக் கம்பெனியிலிருந்து கோர்ட்டே வரவழைத்த கடிதத்தின் நகலை எடுத்து மேஜைமேல் வைத்தார். அதைப் பார்த்ததும் பிரிகேடியர் நாற்காலியில் ஒரு சைஸ் சிறுத்துவிட்டார்.

கடைசியில் ஸ்பானரைக் கொண்டுவந்தார்கள். பாதி தலை நரைத்துப்போயிருந்தான். இஸ்திரிக்காரி என் கையை நெரித்துவிட்டாள்.

"அன்னிக்கு நீ என்ன பண்ணினே?" என்று ஜட்ஜ் கேட்டார்.

"தூக்கினேன் அம்மா."

"எப்படித் தூக்கினே?"

"ஜாக்கி வெச்சு. முதல்ல முன்பக்கம், அப்புறம் பின்பக்கம். நாலு ஸ்டாண்டு குடுத்தேன். கியர்பாக்ஸை இறக்கி ஸ்டோர்ல குடுத்துட்டு, சார்ஜெண்டுக்குப் போன் பண்ணிட்டு, சாப்பிடப் போனேன். வந்து பாத்தா வண்டி இல்ல."

எழுத்தர் எழுதுவதை ஜட்ஜ் எட்டிப் பார்த்தார். "என்ன எழுதறீங்க? 'உயர்த்தி நிறுத்தினேன்'னா? அடிங்க அதை. அவர் சொன்னதை அவர் சொன்னபடியே எழுதுங்க."

அன்றைக்கே தீர்ப்பு. குற்றம் இல்லை. உடனே விடுதலை. பழைய வேலை, பழைய பதவி, ஆறு வருடத்துச் சம்பளம். பிரிகேடியர்மேல் விசாரணை, ஜெனரல் பதவி அங்கேயே நின்றது. மேஜருக்குக் கடும் கண்டனம், இரண்டு வருடத்துக்குப் பதவி உயர்வு கிடையாது. மேஜர் அந்தக் கண்டனத் தாளைக் கையில் வைத்துக்கொண்டு பரிசு வாங்கியவர்போல் வெளியே வந்தார். டாக்டர் அதைப் பிடுங்கிப் படித்துவிட்டு, "பரவாயில்லையே, எழுத்துப்பிழை இல்லாம எழுதியிருக்காங்க," என்றாள்.

அடுத்த திங்கட்கிழமை காலை வானம் வெளுத்திருந்தது. பட்டறை வாசலுக்கு எதிரே பாதித் தெரு கூடிவிட்டது. ஸ்பானர் சீருடையில் வந்தான். அவன் மனைவி இஸ்திரி போட்ட மடிப்பு, தொட்டால் விரல் அறுபடும். மேஜர் வாசலிலேயே காத்திருந்தார். இருவரும் எதிரெதிரே நின்றார்கள்.

"ஆறு வருஷம் சார்," என்றான் ஸ்பானர்.

"தெரியும். எப்படி மன்னிப்புக் கேக்கறதுன்னு எனக்குத் தெரியல."

"கேக்காதீங்க சார். இப்ப என்னால மன்னிக்க முடியாது. பொய் சொல்ல விரும்பல." சட்டை மடிப்பை நீவிக்கொண்டான். "ஆனா கியர்பாக்ஸ் மேல ஒரு நாள் முழுக்க உக்காந்திருந்தீங்களாமே. ஜெயிலுக்குள்ள அந்தச் சேதி வந்துது. ரெண்டு நாள் சிரிச்சேன் சார். நான் அங்க சிரிச்சது அது ஒண்ணுதான்."

மேஜர் கையை உயர்த்தி அவனுக்கு சல்யூட் வைத்தார். மேஜர் மெக்கானிக்குக்கு முதலில் சல்யூட் வைப்பது எந்தப் புத்தகத்திலும் இல்லை. ஸ்பானர் அசையாமல் பார்த்துக்கொண்டே நின்றான். பிறகு மெதுவாக, கையை எப்படி வைப்பது என்று யோசிப்பவன்போல், அவனும் வைத்தான். எனக்குக் கண் மறைத்தது. இஸ்திரிக்காரி மட்டும் அழவில்லை. அவன் காலர் திரும்பியிருந்ததைச் சரிசெய்துவிட்டு, "போங்க, நேரமாச்சு," என்றாள்.

வாசலில் இருந்த காவலாள் புதியவன். பெரிய இரும்புக் கம்பிக் கதவு மூடியிருந்தது. பக்கத்தில் ஆள் நுழையும் சின்னக் கதவு. அவன் ஸ்பானரை மேலும் கீழும் பார்த்தான்.

"பாஸ் இருக்கா?"

"இன்னும் குடுக்கல."

"அப்ப யாரைப் பாக்கணும்?"

"யாரையும் பாக்க வேணாம் தம்பி. நான் வேலைக்கு வந்திருக்கேன்," என்றான் ஸ்பானர்.

காவலாள் அவனைப் பார்த்தான். எதிரே நிற்கும் கூட்டத்தைப் பார்த்தான். கதவுக் கம்பிகளுக்கு உள்ளே வேலையை விட்டுவிட்டு வந்து நிற்கிற முப்பது பேரைத் திரும்பிப் பார்த்தான். அவனுக்குப் புரிந்துவிட்டது. சின்னக் கதவின் தாழ்ப்பாளுக்குப் போன கையை எடுத்து, லாரிகள் போகிற பெரிய கதவின் குறுக்குச் சட்டத்தை உருவினான். இரண்டு கதவையும் தோள் கொடுத்துத் தள்ளி, அவை சுவரில் போய் இடிக்கும்வரை முழுசாகத் திறந்துவிட்டான்.